சொந்த ஆடுகளம்: பூஜ்யம்

1

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை ஒரே ஒரு வாக்கியத்தின் மேல் எனக்கு வந்த எரிச்சலில் பிறந்தது. அந்த வாக்கியத்தை எழுதியதும் நான்தான்.

"தட்டச்சுப் பிழை ஒன்று உறுப்பினர்களின் கவனத்துக்குக் கொண்டுவரப்பட்டு, உடனே சரிசெய்யப்பட்டது."

யார் செய்த பிழை? யார் கொண்டுவந்தது? வாக்கியத்தில் மருந்துக்குக்கூட ஓர் ஆள் இல்லை. பிழை தானாக மாடிப்படி ஏறி வந்து மேசைமேல் உட்கார்ந்துகொண்டதாக நினைக்கத் தோன்றும். கூடைப்பந்துச் சங்கத்தின் அலுவலகத்தில் பதினோரு வருடமாகக் கூட்டக் குறிப்பு எழுதுகிறேன். ஆளில்லாத வாக்கியம் எழுதுவதுதான் என் பிழைப்பு. 'கருதப்பட்டது', 'ஏற்கப்பட்டது', 'ஒத்திவைக்கப்பட்டது'. இரண்டு பெரிய மனிதர்கள் மேசையைத் தட்டித் தொண்டை கிழியக் கத்தியதை 'விரிவாக விவாதிக்கப்பட்டது' என்று எழுதியிருக்கிறேன்.

ஒவ்வொரு கூட்டமும் ஒரே மாதிரிதான் தொடங்கும். போன கூட்டத்தின் குறிப்பை நான் எழுந்து நின்று வாசிப்பேன். தலைவர் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்ப்பார். கைகள் உயரும். 'திருத்தம் இன்றி உறுதி செய்யப்பட்டது' என்று எழுதிக்கொள்வேன். இதுவரை நூற்று இருபத்தேழு கூட்டம். ஒரு காற்புள்ளியைக்கூட யாரும் மாற்றியதில்லை. இதில் எனக்கு எவ்வளவு கர்வம் என்று சொன்னால் சிரிப்பீர்கள். சிரியுங்கள், பரவாயில்லை.

வரும் வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு நூற்று இருபத்தெட்டாவது முறை. மேலே சொன்ன வாக்கியத்தை நான் எழுந்து நின்று வாசித்தாக வேண்டும். இன்று ஞாயிறு. மதியச் சாப்பாடு முடிந்து, மேசையைத் துடைத்து, அதே மேசையில் உட்கார்ந்திருக்கிறேன். ஈரம் இன்னும் காயவில்லை. காகிதத்தின் ஓரம் கொஞ்சம் நனைந்துவிட்டது.

2

எப்படித் தொடங்குவது என்று மூன்று விதமாக எழுதிப் பார்த்தேன்.

"பந்து வளையத்தின் விளிம்பில் சுற்றியது. அரங்கமே மூச்சை அடக்கிக்கொண்டு —"

வேண்டாம். இந்தக் கதையில் பந்தே வரப்போவதில்லை. மேசை, நாற்காலி, காகிதம், ஐந்து உறுப்பினர்கள், நான். அவ்வளவுதான். (கடைசிவரை பந்துக்காகக் காத்திருந்துவிட்டு என்னைத் திட்டக் கூடாது. அதனால்தான் இப்போதே சொல்கிறேன்.)

"சிறு வயதிலிருந்தே அவளுக்கு எண்கள் என்றால் —"

யார் இந்த அவள்? நான்தான். 'நான்' என்று எழுதக் கூச்சமாக இருந்ததால் 'அவள்' என்று எழுதினேன். தொழில் புத்தி எங்கே போகும்? அடித்துவிட்டேன்.

"பெண்கள் கல்லூரிக் கூடைப்பந்துப் போட்டிக்கான தேர்வுக் குழு, வெள்ளிக்கிழமை பிற்பகல் இரண்டு மணிக்கு அலுவலகத்தின் இரண்டாம் மாடியில் கூடியது."

இது கூட்டக் குறிப்பின் முதல் வரி. அழகில்லாத வரிதான். ஆனால் இதை எழுதியதும் எனக்கு மூச்சு சீராகிவிட்டது. இதையே வைத்துக்கொள்வோம்.

3

ஆக, வெள்ளிக்கிழமை பிற்பகல் இரண்டு மணி.

நீளமான மேசை. அதன் ஒரு கால் குட்டை. பழைய ஸ்கோர் ஷீட் ஒன்றை எட்டாக மடித்து அடியில் வைத்திருக்கிறோம். சுவரில் வெள்ளைப் பலகை. அதில் ஒன்று முதல் பதினாறு வரை கோடுகள். மேசையின் நடுவே ஒரு பிஸ்கட் டப்பாவில் முப்பத்தொரு தகடுகள். ஒவ்வொன்றிலும் ஒரு கல்லூரியின் பெயர், பின்னால் காந்தம். முப்பத்தொரு அணி விண்ணப்பித்திருந்தது. பதினாறுதான் ஆட முடியும். தகடு பலகையில் ஒட்டினால் உள்ளே, டப்பாவிலேயே கிடந்தால் வெளியே.

இனி ஆட்கள்.*

தலைவர் பல் டாக்டர். யார் பேசினாலும் அவர் கண் பேச்சில் இருக்காது, பல்லில் இருக்கும். நான் பதினோரு வருடமாக அவர் முன்னால் வாயை மூடிக்கொண்டே சிரிக்கிறேன்.

அவருக்கு வலப்பக்கம் விசில். ஓய்வுபெற்ற நடுவர். நாற்பது வருடம் ஊதிய விசிலை இன்னமும் கழுத்தில் போட்டிருப்பார். ஒரே நேரத்தில் இரண்டு பேர் பேசினால் அதை எடுத்து வாயில் வைப்பார். ஊதமாட்டார். வைத்தாலே போதும், இருவரும் நிறுத்திவிடுவார்கள்.

இடப்பக்கம் கேப்டன் அக்கா. ஒரு காலத்தில் பெரிய அணிக்குத் தலைமை தாங்கியவர். இப்போது பள்ளிச் சீருடை தைக்கும் கடை வைத்திருக்கிறார். கூட்டத்துக்கு வரும்போதும் கழுத்தில் அளவெடுக்கும் டேப் தொங்கும். எதிரெதிரே விசிலும் டேப்பும் தொங்குவதைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வரும்.

அப்புறம் புள்ளி சார். பொறியியல் கல்லூரியில் கணக்கு வாத்தியார். அணிகளுக்கு நூற்றுக்கு இத்தனை என்று மதிப்பெண் போடும் முறையைக் கண்டுபிடித்தவர் அவர்தான். சொந்த ஆடுகளத்தில் வென்ற விகிதத்துக்கு முப்பது. எதிரணியின் ஆடுகளத்தில் வென்ற விகிதத்துக்கு நாற்பது. மோதிய அணிகள் எவ்வளவு பலமானவை என்பதற்கு முப்பது. அது வருவதற்கு முன்னால் தேர்வு என்பது யார் குரல் பெரிது என்கிற போட்டியாக இருந்தது.

ஐந்தாவது, மருந்துக் கடைக்காரர். அதிகம் பேசமாட்டார். கதையிலும் பேசப்போவதில்லை.

* பெயர் ஏன் போடவில்லை என்று கேட்பீர்கள். கூட்டக் குறிப்பில் பெயர் போடுவதில்லை. ஒருமுறை போட்டேன். 'நான் அப்படிச் சொல்லவே இல்ல' என்று அதற்கடுத்த வாரம் முழுக்கத் தொலைபேசி.

4

நாலு மணிக்குப் பலகையில் பதினைந்து தகடுகள் ஏறிவிட்டன. பெரிய சண்டை இல்லை. டீ வந்து ஆறிப்போனது. மிச்சம் ஒரே ஓர் இடம், இரண்டு அணிகள்: பொறியியல் கல்லூரி, நர்சிங் கல்லூரி.

எங்கள் சங்கத்தில் ஒரு விதி உண்டு. பேசப்படும் அணியோடு யாருக்காவது தொடர்பு இருந்தால் அவர் அறையை விட்டு வெளியே போய்விட வேண்டும். புள்ளி சார் பொறியியல் கல்லூரியிலேயே பாடம் நடத்துகிறவர். டீ கிளாஸோடு எழுந்து வெளியே போனார். மருந்துக் கடைக்காரரின் மனைவி நர்சிங் கல்லூரி விடுதியில் வார்டன். அவரும் எழுந்தார். இருவரும் வராந்தா பெஞ்சில் அக்கம்பக்கமாக உட்கார்ந்துகொண்டார்கள். உள்ளே மூன்று பேர். தீர்மானம் செல்லுபடியாக வேண்டுமானால் குறைந்தது மூன்று பேர் இருக்க வேண்டும். அக்கா ஒரு தும்மலுக்கு எழுந்து ஜன்னல் பக்கம் போனால்கூட விசில் பதறினார்.

"அறுபத்தேழரை எங்க, நாப்பத்தொம்பது எங்க? இதுல பேசறதுக்கு என்ன இருக்கு?" என்றார் விசில். மதிப்பெண் தாளை விரலால் சுண்டினார். பொறியியல் கல்லூரிக்கு அறுபத்தேழரை. நர்சிங் கல்லூரிக்கு நாற்பத்தொன்பது.

"நான் ரெண்டு டீமையும் நேர்ல பாத்திருக்கேன் சார்," என்றார் கேப்டன் அக்கா. "இந்த நர்சிங் பொண்ணுங்க வார்டு டியூட்டி முடிச்சுட்டு நேரா வேன்ல ஏறி வந்து ஆடுறாங்க. கடைசிப் பத்து நிமிஷத்துல எதிர் டீம் முட்டிய புடிச்சிட்டு நிக்கும். இவங்களுக்கு அப்பதான் சூடே ஏறும்."

"நீ பாத்ததையெல்லாம் போர்டுல ஒட்ட முடியாதும்மா. பொறியியல் இருபத்திநாலு மேட்ச்ல பதினேழு ஜெயிச்சிருக்காங்க. இவங்க பதினஞ்சு. பதினேழ விட்டுட்டுப் பதினஞ்ச எடுத்தோம்னா வெளிய போய் என்ன பதில் சொல்றது?"

"யாரை ஜெயிச்சாங்கன்னும் பாக்கணும்ல? இவங்க மோதினது எல்லாம் பெரிய பெரிய டீமு. அந்தக் கட்டத்துல முப்பதுக்கு இருபத்திநாலு வாங்கியிருக்காங்க. பொறியியலுக்கு இருபதுதான்."

"அதையும் சேத்துதான் நாப்பத்தொம்பது!"

இருவரும் ஒரே நேரத்தில் பேச ஆரம்பித்தார்கள். விசில் பழக்க தோஷத்தில் தன் பேச்சை நிறுத்தத் தானே விசிலை எடுத்து வாயில் வைத்துக்கொண்டார். (இது நான் சேர்த்தது இல்லை. நிஜமாகவே வைத்தார்.)

தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அக்கா சொல்றதுலயும் நியாயம் இருக்கு. ஆனா இத பாருங்க. சொந்த கிரவுண்டு, பூஜ்யம். சொந்த எடத்துலயே ஒரு மேட்ச் ஜெயிக்க முடியாதவங்கள நான் எப்படிம்மா உள்ள எடுக்கறது?"

அக்கா தாளை வாங்கிப் பார்த்தார். நாற்காலியில் மெல்லச் சாய்ந்தார். "அதான் சார் எனக்கும் இடிக்குது," என்றார்.

நான் குறிப்பேட்டில் 'சொந்த ஆடுகளம்: பூஜ்யம்' என்று எழுதினேன். பேனா அங்கேயே நின்றது.

5

இங்கே கதையை நிறுத்துகிறேன். கோபப்படாதீர்கள். உங்களிடம் ஒரு விஷயத்தை ஒப்புக்கொள்ளாமல் மேலே போக முடியாது.

முதல் பிரதியில் குறிப்பெழுதும் பெண்ணுக்கு ஒரு தங்கை இருந்தாள். தங்கையின் மகள் நர்சிங் கல்லூரி அணியில் ஆடினாள். அதனால்தான் அவளுக்கு நெஞ்சு படபடத்தது, அதனால்தான் அவள் வாயைத் திறந்தாள் என்று வைத்திருந்தேன். நன்றாகத்தான் வந்தது. பாசம், கண்ணீர், எல்லாம் அளவாக. படித்துப் பார்த்தபோது எனக்கே பிடிக்கவில்லை. சொந்தக்காரப் பெண் என்றால்தான் ஒருத்தி உண்மையைச் சொல்வாளா? தங்கையையும் மகளையும் ஒரே கோட்டில் அடித்தேன். எனக்கு அந்த அணியில் யாரையும் தெரியாது. ஒரு முகத்தைக்கூட அதுவரை பார்த்ததில்லை.

இரண்டாவது பிரதியில் பிழையைக் கேப்டன் அக்கா கண்டுபிடித்தார். அவர் கதாநாயகிக்குப் பொருத்தமானவர். உயரம், குரல், கழுத்தில் டேப். நான் மூலையில் உட்கார்ந்து எழுதிக்கொண்டு மட்டும் இருந்தேன். இதுவும் நன்றாகத்தான் வந்தது. என் வீட்டுக்காரர் வாசித்துவிட்டு, "அக்கா சூப்பரு. ஆனா நீ எங்க?" என்றார்.

அவர் லிஃப்ட் மெக்கானிக். எது எங்கே மாட்டிக்கொண்டு நிற்கிறது என்று சத்தத்தை வைத்தே சொல்லிவிடுவார்.

ஆக இது மூன்றாவது பிரதி. இதில் நான் இருக்கிறேன்.

6

அதற்கு முந்திய செவ்வாய்க்கிழமை, முப்பத்தொரு விண்ணப்பங்களையும் கணினியில் ஏற்றியது நான். நர்சிங் கல்லூரியின் படிவம் கையெழுத்தில் வந்திருந்தது. நீல மை, உருண்டையான எழுத்து. பயிற்சியாளர் ஓர் ஆபரேஷன் தியேட்டர் சிஸ்டர். 'சொந்த ஆடுகளத்தில் ஆடியவை, வென்றவை' என்ற கட்டத்தில் அவர் எண் எதுவும் எழுதவில்லை. அடிக்கோல் வைத்து ஒரு கோடு இழுத்திருந்தார். கீழே சின்ன எழுத்தில் ஒரு குறிப்பு: 'புதிய கட்டடத்துக்கான கல்லும் மணலும் எங்கள் ஆடுகளத்தில் குவிக்கப்பட்டிருப்பதால் இரண்டு வருடமாக எங்களுக்கு ஆடுகளம் இல்லை. பயிற்சி ஆம்புலன்ஸ் நிறுத்தும் இடத்தில். ஒரு வளையம் மட்டும் உண்டு. இருபத்துநான்கு ஆட்டமும் எதிரணியின் இடத்திலேயே ஆடினோம்.'

அதை வாசித்தேன். வாசித்தேன் என்பது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. கோட்டை அப்படியே தட்டினேன். கணினி 'டொய்ங்' என்றது. இங்கே எண் மட்டும்தான் வேண்டும் என்றது. மறுபடி தட்டினேன். மறுபடி 'டொய்ங்'. அலுவலகம் முடிய ஐந்து நிமிடம் இருந்தது, பேருந்தைப் பிடிக்க வேண்டும். ஒரு பூஜ்யத்தைப் போட்டேன். கணினி சமாதானமாகிவிட்டது. குறிப்பை எழுதக் கட்டமே இல்லை, விட்டுவிட்டேன்.

அன்று கணினி முன்னால் நான் அதைச் சாதாரணமாகத்தான் நினைத்தேன். இல்லை என்பதற்கு ஒரு கோடு, ஒன்றுமில்லை என்பதற்கு ஒரு பூஜ்யம், என்ன பெரிய வித்தியாசம் என்று. வெள்ளிக்கிழமை அக்கா நாற்காலியில் சாய்ந்தபோதுதான் வித்தியாசம் என் முகத்தில் அறைந்தது. பூஜ்யம் என்றால் ஆடித் தோற்றவர்கள். கோடு என்றால் ஆடவே இடமில்லாதவர்கள். இரண்டு வருடம் ஆம்புலன்ஸ்களுக்கு நடுவில் பந்து போட்டுப் பழகிய பெண்களை, சொந்த வீட்டிலேயே தோற்றவர்கள் என்று நான் எழுதி வைத்திருக்கிறேன்.

தலைவர் டப்பாவுக்குள் கையை விட்டார். பொறியியல் கல்லூரியின் தகட்டை எடுத்தார்.

சும்மா இருந்திருக்கலாம். சத்தியமாகச் சொல்கிறேன், இருந்திருக்கலாம். யாருக்கும் தெரிந்திருக்காது. படிவம் அலமாரியில் மூன்றாவது தட்டில், அடுத்த வருடம் வரை யாரும் தொடமாட்டார்கள். குறிப்பெழுதுபவர் கூட்டத்தில் பேசக் கூடாது என்பது வேறு விதி. என் நூற்று இருபத்தேழு 'திருத்தம் இன்றி'களும் வரிசையாக என் கண் முன்னால் வந்து நின்றன. ஐயோ, வேண்டாமே என்றன.

கையைத் தூக்கினேன்.

தலைவர் என்னைப் பார்த்தார். பதினோரு வருடத்தில் நான் கை தூக்கியது மின்விசிறி விஷயமாக ஒரே ஒரு தடவைதான். "என்னம்மா, ஃபேனைக் கொறைக்கணுமா?"

"இல்ல சார். அந்த பூஜ்யம்... அது நான் போட்டது."

"நீ போட்டதுன்னா?"

"அவங்க கோடு போட்டிருந்தாங்க. கம்ப்யூட்டர் ஏத்துக்கல. நான் பூஜ்யம் போட்டுட்டேன். அவங்களுக்கு சொந்த கிரவுண்டே கெடையாது சார். தோக்கல. ஆடவே இல்ல."

அலமாரியைத் திறந்து படிவத்தை எடுத்து வந்து மேசைமேல் வைத்தேன். மேசை ஆடியது, அதற்குக் குட்டைக்கால் காரணமாக இருக்கலாம். மூன்று தலைகள் ஒன்றாகக் குனிந்தன. அக்கா அந்தச் சின்ன எழுத்துக் குறிப்பைச் சத்தமாக வாசித்தார். 'ஒரு வளையம் மட்டும் உண்டு' என்ற இடத்தை இரண்டு முறை வாசித்தார்.

விசில் நிமிர்ந்து என்னையே பார்த்தார். திட்டப்போகிறார் என்று தயாரானேன்.

"அந்தக் காலத்துல ஃபவுல் பண்ணவங்க தானே கையத் தூக்கணும்னு ரூல் இருந்துச்சும்மா," என்றார். "ஊதினப்பறம் எல்லாரும் தூக்குவாங்க. நான் ஊதறதுக்கு முன்னாடியே தூக்கினவங்க நாப்பது வருஷத்துல மூணு பேரு. நீ நாலாவது."

7

சரி, பூஜ்யத்தை எடுத்தாகிவிட்டது. அந்த இடத்தில் என்ன போடுவது? முப்பது மதிப்பெண்ணுக்கான கட்டம் காலியாக இருந்தால் மொத்தத்தை எப்படிக் கணக்கிடுவது? மூவருக்கும் தெரியவில்லை. முறையைக் கண்டுபிடித்தவருக்குத்தான் தெரியும். அவரோ பொறியியல் கல்லூரிக்காரர். வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறார்.

தலைவர் எழுந்து போய்க் கதவைக் கொஞ்சமாகத் திறந்தார். தலையை மட்டும் நீட்டினார். "சார், சும்மா ஒரு சந்தேகம். எந்த டீம்னு கேக்காதீங்க. ஒரு டீமுக்கு சொந்த கிரவுண்டே இல்லன்னா மார்க்க எப்படிப் போடறது?"

புள்ளி சார் டீ கிளாஸைப் பெஞ்சில் வைத்தார். உள்ளே பேசப்படுவது இரண்டே அணிகள். அவர் கல்லூரிக்கு நல்ல ஆடுகளம் இருக்கிறது, மேற்கூரையோடு. கேள்வி யாரைப் பற்றியது என்று கண்டுபிடிக்கக் கணக்கு வாத்தியாராக இருக்க வேண்டிய அவசியமே இல்லை. மழுப்ப நினைத்திருந்தால் மழுப்பியிருக்கலாம். 'அதுக்கு விதியில்ல' என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் முடிந்தது.

அவர் எதிர்ச் சுவரைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "இல்லாத கட்டத்த எடுத்துடணும். மிச்சம் எழுவதுக்கு எவ்வளவு வாங்கியிருக்காங்கன்னு பாத்து, அத நூத்துக்கு மாத்தணும். அதான் முறை. எந்த டீம்னு நான் கேக்கல சார்."

கதவை மூடிவிட்டு வந்து, தாளின் ஓரத்தில் தலைவரே கணக்குப் போட்டார். எதிரணிகளின் இடத்தில் இருபத்துநாலுக்குப் பதினைந்து வெற்றி, அதற்கு நாற்பதுக்கு இருபத்தைந்து. மோதிய அணிகளின் பலத்துக்கு இருபத்துநாலு. கூட்டினால் அதே நாற்பத்தொன்பது. ஆனால் நூற்றுக்கு அல்ல, எழுபதுக்கு.

எழுபதுக்கு நாற்பத்தொன்பது என்றால் நூற்றுக்கு எழுபது.

பொறியியல் கல்லூரிக்கு அறுபத்தேழரை.

"எழுவது!" என்று அக்கா மேசையில் ஓங்கி அடித்தார். ஆறிப்போன டீ மூன்று கிளாஸிலும் துள்ளியது. "எழுவது சார்! நான் சொன்னேன்ல, கடைசியிலதான் அவங்களுக்கு சூடு ஏறும்னு!"

"பக்கத்துப் பல்லைப் புடுங்கப் பாத்தோமேம்மா," என்றார் தலைவர். பெருமூச்சு விட்டார். மற்ற முப்பது படிவங்களிலும் எங்கேயாவது கோடு இருக்கிறதா என்று என்னையே பார்க்கச் சொன்னார். ஒவ்வொன்றாகப் பார்த்தேன். ஒன்றிலும் இல்லை. வாக்கெடுப்பில் முதலில் உயர்ந்தது விசிலின் கை. மூன்றுக்கு மூன்று.

அக்கா டப்பாவைக் கிளறி நர்சிங் கல்லூரியின் தகட்டை எடுத்தார். அவர்தான் ஒட்டுவார் என்று நினைத்தேன். என்னிடம் நீட்டினார். "நீயே ஒட்டும்மா."

பதினோரு வருடமாக அந்தப் பலகையைப் பார்த்து எழுதியிருக்கிறேன். தொட்டதில்லை. பதினாறாவது கோட்டுக்குப் பக்கத்தில் கொண்டுபோனதும் காந்தம் என் விரலிலிருந்து தகட்டைப் பிடுங்கிக்கொண்டது. டக். அந்தச் சத்தம் இப்போதும் காதில் இருக்கிறது. எனக்குச் சிரிப்பு வந்தது. பல் டாக்டர் முன்னால் முதன்முறையாக வாயைத் திறந்து சிரித்தேன்.

8

தேர்வான கல்லூரிகளுக்குத் தொலைபேசியில் சொல்வது என் வேலை. பதினாறாவது அழைப்பை மணி ஐந்தரைக்குப் போட்டேன். படிவத்தில் இருந்தது வார்டின் எண்.

"சர்ஜிகல் வார்டு," என்றது ஒரு சின்னக் குரல்.

"கூடைப்பந்து சங்கத்துலேர்ந்து பேசறேன்மா. உங்க காலேஜ் டீம் செலக்ட் ஆயிருக்கு."

அந்தக் குரல் ரகசியம் பேசுவதுபோலச் சொன்னது: "மேடம், நானும் டீம்ல இருக்கேன். ஒரு நிமிஷம். இங்க சத்தம் போடக் கூடாது."

ரிசீவரை மேசைமேல் வைக்கும் ஓசை. அதன்பிறகு நான் கேட்டது இதுதான்: தப், தப், தப். ரப்பர் செருப்புகள் தரையில் விழும் ஓசை. முதலில் ஒரு ஜோடி. பிறகு இன்னொன்று. பிறகு எண்ண முடியவில்லை. ஒரு வார்த்தை இல்லை, ஒரு கூச்சல் இல்லை. அந்தப் பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு குதித்துக்கொண்டிருந்தார்கள்.

"என்னம்மா ஆச்சு? எதுக்குக் குதிக்கிறீங்க?" என்று ஒரு நோயாளி கேட்டார். யாரோ தணிந்த குரலில் பதில் சொன்னார்கள். அடுத்த நொடி அந்த வார்டே கூரை பிய்ந்துபோகும்படி கத்தியது. கைத்தட்டல். கட்டிலைத் தட்டும் சத்தம். சத்தம் போடக் கூடாது என்ற விதி ஊழியர்களுக்குத்தானே, நோயாளிகளுக்கு இல்லையே.

(இதில் ஒரு சொல்லைக்கூட நான் இட்டுக்கட்டவில்லை. கதை என்பதால் நம்பமாட்டீர்கள் என்று தெரியும்.)

கடைசியில் சிஸ்டர் வந்தார். "எத்தனையாவது எடம்?"

"பதினாறு சிஸ்டர்."

"கடைசியா?"

"கடைசிதான்."

"உள்ளதானே?"

"உள்ளதான் சிஸ்டர்."

"அப்ப சரி," என்றார். பிறகு, "அந்த ஃபார்ம்ல கோடு போட்டிருந்தேன். ஏன்னு கேட்டு யாராவது போன் பண்ணுவாங்கன்னு மூணு நாளா பாத்துட்டே இருந்தேன்," என்றார்.

"நான் கேட்டிருக்கணும் சிஸ்டர். நான்தான் கேக்கல."

"இப்ப யாரோ கேட்டிருக்காங்கல்ல," என்றார். பின்னால் இன்னமும் கட்டிலைத் தட்டிக்கொண்டிருந்தார்கள்.

9

இதுவரை வாசித்துவிட்டு வீட்டுக்காரர் கேட்கிறார்: "அவ்வளவுதானா? ஃபைனல் எங்க?"

"போட்டி அடுத்த சனிக்கிழமைதாங்க ஆரம்பிக்குது. எனக்கு எப்படித் தெரியும்?"

"எழுதறது நீதானே? கடைசி செகண்டு, ஒரு பாயிண்டு வித்தியாசம், அந்த போன் எடுத்த பொண்ணு தூக்கிப் போடறா, விழுது. முடிச்சிடு."

இதை எழுதிப் பார்த்தேன். பந்து விழுந்தது, எல்லோரும் அழுதார்கள். ஆனால் கதையில் பந்து வராது என்று உங்களிடம் வாக்குக் கொடுத்திருக்கிறேன். இன்னொரு முடிவையும் பார்த்தேன்: முதல் ஆட்டத்திலேயே நாற்பது புள்ளி வித்தியாசத்தில் தோற்கிறார்கள், வேனில் பாடிக்கொண்டே டியூட்டிக்குத் திரும்புகிறார்கள். இதுவும் நடக்கலாம். மூன்றாவதாக, பொறியியல் கல்லூரி அணியின் கேப்டன் என் அலுவலகத்துக்கு வந்து, என் முன்னால் நாற்காலியில் உட்கார்ந்து —

இதை முடிக்க முடியவில்லை. பதினேழு ஆட்டம் ஜெயித்த பெண் அவள். அவளிடம் சொல்ல என்னிடம் கணக்கு மட்டும்தான் இருக்கிறது. அவள் கதையை என்னைவிட நன்றாக எழுதத் தெரிந்த ஒருவர் எழுத வேண்டும்.

ஃபைனல் எனக்கு வேண்டாம். நான் ஜெயித்த ஆட்டம் வெள்ளிக்கிழமை சாயங்காலமே முடிந்துவிட்டது.

10

மிச்சம் இருப்பது அந்த ஒரு வாக்கியம்தான். குறிப்பேட்டில் ஏழாவது பத்தி. வெள்ளிக்கிழமை கை பழகிய வழியில் எழுதி வைத்தது:

(அ) "தட்டச்சுப் பிழை ஒன்று உறுப்பினர்களின் கவனத்துக்குக் கொண்டுவரப்பட்டு, உடனே சரிசெய்யப்பட்டது."

இதை வாசித்தால் ஒருவரும் மறுக்கமாட்டார்கள். நூற்று இருபத்தெட்டாவது 'திருத்தம் இன்றி' வந்துவிடும். என் தப்பு மறைந்துவிடும். அதோடு நான் கை தூக்கியதும் மறைந்துவிடும். ஒன்றை மட்டும் மறைத்து இன்னொன்றை வைத்துக்கொள்ள வழியில்லை. இந்த மேசையில் மூன்று மணி நேரமாக அதைத்தான் முயன்றுகொண்டிருந்தேன்.

(ஆ) "படிவத்தில் கோடு இருந்த இடத்தில் நான் பூஜ்யம் போட்டிருந்தேன். அதை நானே கை தூக்கிச் சொன்னேன். அந்த அணி பதினாறாவதாக உள்ளே வந்தது."

சங்கத்தின் குறிப்பேட்டில் இதுவரை 'நான்' என்ற சொல் வந்ததே இல்லை. விசில் பதறுவார். தலைவர் கண்ணாடியைத் துடைப்பார். (அ)வை அடித்துவிட்டு இதை ஏற்றுக்கொண்டால் பக்கத்தின் அடியில், என் வாழ்நாளில் முதல்முறையாக, 'திருத்தத்துடன் உறுதி செய்யப்பட்டது' என்று எழுத வேண்டிவரும்.

எங்கள் வழக்கப்படி, எழுதியதை எழுதியவரே உறுதி செய்ய முடியாது. கேட்டவர்கள்தான் செய்ய வேண்டும். நடந்தது அத்தனையும் கேட்டுவிட்டீர்கள். வெளியே போக வேண்டிய அளவுக்கு உங்களுக்கு யாரோடும் சொந்தமில்லை. ஆகவே எழுந்து நிற்கிறேன், இரண்டாவதை வாசித்துவிட்டேன், தலைவர் உங்களை ஒரு சுற்றுப் பார்க்கிறார்.

ஆதரிக்கிறவர்கள் கையைத் தூக்குங்கள். என் கை ஏற்கெனவே மேலேதான் இருக்கிறது.